ஈரடுக்குப் பாலத்துப் பூசணிக்காய்

ஐ.சி.யூ.வில் துப்பாக்கி வெடித்தது.

நர்ஸ் கையிலிருந்த ட்ரே தரையில் விழுந்து ஊசிகள் சிதறின. மூன்றாம் படுக்கைக்காரரின் மனைவி "ஐயோ முருகா!" என்று கட்டிலோடு ஒட்டிக்கொண்டாள். இன்னொரு வெடி. அடுத்தது வெடிப்பதற்குள் சங்கரவடிவு பாய்ந்து போய் கம்ப்யூட்டரின் சத்தத்தை அணைத்தாள்.

"சாரி சிஸ்டர், சாரி! ஹெட்போன் வயர் கழண்டுட்டு."

"இங்க ஆளுங்க சாகக் கிடக்காங்க, நீங்க கேம் ஆடுதிய?"

"நான் ஆடல சிஸ்டர். அப்பா ஆடுதாங்க."

நர்ஸ் ஐந்தாம் படுக்கையைப் பார்த்தாள். கோமதிநாயகம், ஐம்பத்தேழு வயது. தசைகள் ஒவ்வொன்றாகச் செத்துப்போகும் வியாதி. மூச்சைக்கூட மெஷின்தான் விட்டுக்கொண்டிருந்தது. கண்கள் திறந்திருந்தன, அசையவில்லை. அவருக்கு எதிரே ஒரு திரை. அதில் 1994-ஆம் வருஷத்து 'கிரிம்வால்ட்' என்ற துப்பாக்கி விளையாட்டு. திரையின் அடியில் கறுப்புத் துப்பாக்கியின் குழல் தெரிந்தது. ஆடுகிறவன் ஒரு சுவரோடு மூக்கை உரசிக்கொண்டு, சுவரையே சுட்டுக்கொண்டிருந்தான்.

வாசலில் ஒரு குரல் கேட்டது. "அவன் சுவத்தச் சுடமாட்டானே."

கையில் துணிப்பையோடு ஐம்பத்தாறு வயதுப் பெண்மணி நின்றிருந்தார். தூத்துக்குடி மீன்பிடித் துறைமுகத்தில் ஐஸ் பேக்டரி மேனேஜர். பெயர் ஆவுடை. முந்தின நாள் வடிவு போனில் அழுததைக் கேட்டு, காலை பஸ்ஸில் வந்திருந்தார்.

"அத்தை!" என்று ஓடிப்போய் கையைப் பிடித்தாள் வடிவு. "எல்லார்ட்டயும் கேட்டாச்சு, நீங்க மட்டும்தான் பாக்கி. இந்த மேப்ப செஞ்சது நீங்கதானே?"

ஆவுடை திரையையே பார்த்தார். ஆட்டம் நடக்கும் இடம் திருநெல்வேலி ஜங்ஷன் ஈரடுக்கு மேம்பாலம். மஞ்சள் பஸ்கள், அவற்றுக்கு நடுவே கொம்பு முளைத்த பேய்கள். 2003-இல் வண்ணார்பேட்டையில் 'விண்மீன் பிரவுசிங் சென்டர்' என்று ஒன்று இருந்தது. அதில் மூன்றாம் நம்பர் மெஷினில் உட்கார்ந்து, கல்லூரி முடிந்த சாயங்காலங்களில் ஆவுடை கட்டிய பாலம் அது. பக்கத்தில் நாலாம் நம்பரில் சிநேகிதன் நாயகம். அவள் கட்டுவாள், அவன் ஆடுவான்.

"முப்பத்தாறு வருஷமாச்சு" என்றார். "சரி, எனக்கு வெளங்குற மாதிரி சொல்லு. இதுல நான் என்ன செய்யணும்?"

சொன்னது டாக்டர் ஷாகிதா பானு. நரம்பியல் நிபுணர். வேகமாக நடப்பார், அதைவிட வேகமாகப் பேசுவார்.

"அவரோட மூளை மேல ஒரு வலை வச்சிருக்கோம் மேடம், கொசுவலைய விட மெல்லிசு. கையை அசைக்கணும்னு அவர் நினைச்சா வலை படிச்சிடும். ஆனா எந்தத் துடிப்புக்கு எந்த அசைவுன்னு முதல்ல அதுக்குச் சொல்லிக் கொடுக்கணும். 'இடது கையை நினைங்க'ம்போம், பேஷன்ட் கண் சிமிட்டி 'ஆச்சு'ம்பார். அப்படித்தான் பழக்குவோம். இவருக்கு வலை வச்ச மறுவாரமே நிமோனியா. காய்ச்சல் விட்டப்போ கண் சிமிட்டலும் நின்னுபோச்சு."

"உள்ள ஆள் இருக்கானா?"

"அதுதான் கேள்வி. தொண்ணூறு நாள் எந்தப் பதிலும் இல்லைன்னா குழு கூடி மெஷினை நிறுத்தலாம்னு இப்போ சட்டம் வந்திருச்சு. வெள்ளிக்கிழமை தொண்ணூறாவது நாள். காலையில பதினோரு மணிக்குக் குழு வருது."

அன்று செவ்வாய்க்கிழமை.

"அப்பாவோட பழைய சி.டி. ஒண்ணு கெடச்சிச்சு அத்தை" என்றாள் வடிவு. "அதுல இந்த மேப்பும் இருக்கு, அவங்க ஆடின ஆட்டம் இருநூத்திப் பதிமூணும் ரெக்கார்டா இருக்கு. படம் இல்ல. என்ன பட்டன அமுக்கினாங்க, மவுஸ எவ்வளவு திருப்பினாங்க, அது மட்டும்தான். செகண்டுக்கு முப்பத்தஞ்சு தடவை."

"தெரியும். கேம் அத வாங்கி மறுபடி தானே ஆடிக் காட்டும்."

"அதேதான். அப்பாவோட கை எப்போ என்ன நெனச்சுன்னு உலகத்துல இருக்கிற ஒரே கணக்கு அது. அதைத் திரும்பப் போட்டு அவங்க பாத்தா, உள்ள முழிச்சிருந்தாங்கன்னா, அடுத்து என்ன பட்டன்னு மூளை முந்திக்கிட்டுத் துடிக்கும். வலை ரெண்டையும் பொருத்திப் பாத்துக் கத்துக்கிடும்."

"இப்ப உள்ள கம்ப்யூட்டர்ல அந்தக் கேம் ஓடுதா?"

"அப்படியே போட்டா பேய் வாரதும் தெரியாது, நாம சாகுறதும் தெரியாது. அவ்வளவு வேகம். ஆனா இந்தக் கேம் மேல கிறுக்குப் பிடிச்ச ஆளுங்க உலகம் முழுக்க இருக்காங்கல்லா? அதைப் புது மெஷினுக்கு மாத்தி எழுதி வச்சிருக்காங்க. அதுல சரியாத்தான் ஓடுது. ஆனா..." வடிவு திரையைக் காட்டினாள். "நாப்பது செகண்டுக்கு மேல எல்லா ஆட்டமும் இப்படித்தான் ஆவுது. சுவத்துல முட்டிக்கிட்டு நிக்காங்க. கடைசி ஆட்டம் ஒண்ணு மட்டும்தான் முழுசா ஓடுது. சென்னையில ஜெயிச்சாங்களே, அது. ஆறு நிமிஷம்தான் இருக்கு, வலைக்குப் பத்தாது."

சென்னை என்றதும் ஆவுடை துணிப்பையை மடியில் இறுக்கிக்கொண்டார்.

2003-இல் சென்னையில் மாநிலப் போட்டி. சொந்தமாக ஒரு மேப் கட்டி, அதில் தாங்களே ஆடிய ரெக்கார்டையும் அனுப்ப வேண்டும். ஜெயித்தால் பெங்களூரில் கேம் கம்பெனி வேலை. அந்தப் பழைய விளையாட்டில் தரைக்கு மேல் இன்னொரு தரை வைக்கவே முடியாது. இருந்தும் ஆவுடை ஈரடுக்குப் பாலம் கட்டியிருந்தாள். கீழ்ப்பாலத்தை மேப்பின் வேறொரு மூலையில் கட்டி, சரிவில் இறங்குகிறவனை அவன் அறியாமல் அங்கே கொண்டுபோய் விட்டாள். நடுவர்கள் அவளுடைய ரெக்கார்டைப் போட்டுப் பார்த்தார்கள். பாலத்தடியில் போய்ச் சுவரைப் பார்த்து நின்று, சுவரையே சுட்டது அது, ஐந்து நிமிஷம். அரங்கமே சிரித்தது. 'இந்தப் பெண் ஆடவே இல்லை, யாரோ செய்ததைத் திருடி அனுப்பியிருக்கிறாள்' என்று எழுதிவிட்டார்கள். செய்தி ஊருக்கு வந்தது. ஆவுடையின் அப்பா அவள் படிப்பை நிறுத்தினார். அதே பாலத்தில் நாயகம் ஆடி அனுப்பிய ரெக்கார்டு முழுசாக ஓடியது; முதல் பரிசு அவனுக்குப் போனது. அதன் பிறகு பில் போடும் மெஷினைத் தவிர வேறு கம்ப்யூட்டரை ஆவுடை தொட்டதில்லை.

இப்போது திரையில் நாயகம் சுவரைச் சுட்டுக்கொண்டிருந்தான், அதே இடத்தில், அதே சுவரை.

"அந்த மேப்பத் திற. உள்ள எல்லாத்தையும் எனக்குக் காட்டு" என்றார் ஆவுடை.

புதன்கிழமை மத்தியானம் வரை இருவரும் மருத்துவமனை கான்டீன் மேஜையில் உட்கார்ந்து தேடினார்கள். சுவர் சுவராக, படி படியாக. எல்லாம் சரியாகவே இருந்தது. பேய்கள் முப்பத்தொன்று, பஸ் ஒன்பது, தோட்டாப் பெட்டி பதினாலு.

"அத்தை, இந்தப் பேய் ஏன் மூக்குக்கண்ணாடி போட்டிருக்கு?"

"எங்க கணக்கு வாத்தியார்."

"இது?"

"அதுவும் அவர்தான். ரெண்டு வருஷம் பாடம் எடுத்தாரு."

வடிவு மூன்று மாதத்தில் முதல் தடவையாகச் சிரித்தாள். சிரித்து முடிப்பதற்குள் ஆவுடை அவள் கையைத் தட்டினார்.

"நிறுத்து. மேல போ. பொருள் வரிசை ரெண்டுலேந்து ஆரம்பிக்கு. ஒண்ணாம் நம்பர் எங்க?"

"அது சும்மா விட்டிருப்பீங்க."

"ஒண்ணாம் நம்பர எவளாவது சும்மா விடுவாளா?" ஆவுடை நெற்றியில் அறைந்துகொண்டார். "மூதி! பூசணிக்காய்!"

பக்கத்து மேஜையில் சாம்பார் சாதம் சாப்பிட்டவர் திரும்பிப் பார்த்தார்.

"புது வீடு கட்டுனா திருஷ்டிப் பூசணி கட்டுவோம்லா? நான் எந்த மேப் கட்டினாலும் முதல் செங்கலுக்கு முன்னாடி வாசல்ல ஒரு பூசணிக்காயைத் தொங்க விடுவேன். கண்ணு, மூக்கு, மீசை எல்லாம் வரைஞ்சி, காத்துல ஆடுற மாதிரி. அதுதான் ஒண்ணாம் நம்பர். சென்டர்ல எல்லாவனும் கேலி பண்ணுவான். அதைத்தான் காணல."

"ஒரு பூசணிக்காய் இல்லாததுக்கா ஆட்டமே கெட்டுப்போகும்?"

"சீட்டு ஆடியிருக்கியா? இந்தக் கேமுக்குள்ள ஒரு சீட்டுக்கட்டு இருக்கு. இருநூத்தி அம்பத்தாறு நம்பர், எப்பவும் ஒரே வரிசை. பேய் இடது பக்கம் திரும்பணுமா, வலதா? மேல இருந்து ஒரு சீட்டு எடுக்கும். குண்டு எவ்வளவு ஆழம் போவணும்? இன்னொரு சீட்டு. பூசணிக்காய் எந்தப் பக்கம் ஆடணும்? அதுக்கும் ஒண்ணு. பூசணிக்காயைக் கழட்டிட்டா அது எடுக்க வேண்டிய சீட்டு பேய் கைக்குப் போயிரும். இடது திரும்ப வேண்டிய பேய் வலது திரும்பும். உங்கப்பன் கை மட்டும் பழைய ஆட்டத்தையே ஆடிக்கிட்டிருக்கும். சுவத்தச் சுடாம என்ன செய்யும்?"

வடிவு எழுந்தே விட்டாள். "அப்ப திரும்பத் தொங்க விடுங்க!"

ஆவுடையின் விரல்கள் முதலில் தடுமாறின, பிறகு ஓடின. வாசல் வளைவு. கயிறு. மீசை. ஆட்டம். ஒன்றாம் நம்பர். சேமிப்பதற்கு முன், பழைய பழக்கத்தில், கோப்பின் அடிவரை இறங்கி ஒருமுறை பார்த்தார்.

கடைசி வரியில் அவர் கண் நின்றது.

"என்ன அத்தை?"

"ஒண்ணுமில்ல. டீ குடிச்சிட்டு வாரேன்."

"இதைச் சேவ் பண்ணிட்டு..."

"எதையும் தொடாத. ஒரு எழுத்து மாறினாலும் கெட்டுரும்."

பையை எடுத்துக்கொண்டு போய்விட்டார். கான்டீனிலேயே டீ இருந்தது. அவர் வெளியே போனார்.

அரை மணி ஆயிற்று, முக்கால் மணி ஆயிற்று. வடிவு போன் செய்தாள். மேஜை மேலேயே மணி அடித்தது. போனை வைத்துவிட்டுப் போயிருந்தார்.

எதிரே பஸ் நிறுத்தத்தில் தூத்துக்குடி பஸ் வந்து நின்றது. ஆவுடை ஏறி ஜன்னலோரம் உட்கார்ந்தார். கண்டக்டர் விசில் ஊதினார். வண்டி நகர்ந்தது. பெட்ரோல் பங்க் தாண்டியதும் ஆவுடை எழுந்து கத்தினார்: "எறங்கணும், நிப்பாட்டுங்க!"

"ஏறும்போதே யோசிக்கக் கூடாதாம்மா?" என்றார் கண்டக்டர்.

"அதத்தான் இப்ப யோசிச்சேன்."

திரும்ப நடந்து வந்து, வேர்வையோடு நாற்காலியில் உட்கார்ந்து, சேமிக்கும் பட்டனை அமுக்கினார்.

"பயந்துட்டேன் அத்தை."

"நானுந்தான். ஓட்டு."

முதல் ஆட்டம் ஓடியது. நாற்பதாவது செகண்டில் வடிவு ஆவுடையின் முழங்கையைப் பிடித்தாள். பாலத்தடி வந்தது. சுவர் வந்தது. நாயகம் சுவரைப் பார்க்கவே இல்லை. இடுப்பை ஒடித்துத் திரும்பி, பஸ்ஸுக்குப் பின்னாலிருந்து வந்த கணக்கு வாத்தியாரை ஒரே வெடியில் சாய்த்தான். அடுத்தவர், அதற்கடுத்தவர் என்று போய்க்கொண்டே இருந்தான்.

"ஓடுது! அத்தை, ஓடுது!" கான்டீன் முழுக்கத் திரும்பிப் பார்த்தது. சாம்பார் சாதக்காரர் விஷயம் புரியாமலே கை தட்டினார்.

இருநூற்றுப் பன்னிரண்டு ஆட்டங்களும் ஓடின. அன்று சாயங்காலமும் வியாழக்கிழமை முழுவதும் ஐந்தாம் படுக்கைக்கு எதிரே அவை ஒன்றன்பின் ஒன்றாகப் போயின. வலை படித்துக்கொண்டே இருந்தது.

"ஒண்ணு மட்டும் புரியல" என்றாள் வடிவு. "இதுவரைக்கும் சரியா ஓடின சென்னை ஆட்டம் இருக்கே, அது இப்ப கெட்டுப்போச்சு. பூசணிக்காய் வந்ததும் அப்பா சுவத்துல முட்டுதாங்க. ஏன் அத்தை?"

"சவத்த விடு. ஒண்ணுதானே" என்றார் ஆவுடை, திரையிலிருந்து கண்ணை எடுக்காமல்.

வெள்ளிக்கிழமை பதினோரு மணிக்குக் குழு வந்தது. மூன்று பேர். தலைவர் வயதான மருத்துவர், மெதுவாகப் பேசினார்.

"டாக்டர் பானு, மூளை துடிக்கிறதுன்னு சொல்றீங்க. பழைய பாட்டைப் போட்டாலும் துடிக்கும். பழக்கம் வேற, நினைப்பு வேற. உள்ள மனுஷன் இருக்கார்னு எனக்கு எப்படித் தெரியும்?"

"ரெக்கார்டு ஓடும்போதே நடுவில் அதை நிறுத்திடறேன் சார். அதுக்கப்புறம் ஆட்டத்தை நடத்துறது அவரோட மூளை மட்டும்தான். யாரும் எதையும் தொடமாட்டோம்."

நூற்று நாற்பத்தேழாம் ஆட்டம். இதில் நாயகம் கீழ்ப்பாலத்தில் செத்துப்போவான். இடப்பக்கம் நிற்கும் பஸ்ஸுக்குள்ளிருந்து பெரிய பேய் பாயும். சாவுக்குப் பத்து செகண்டு முன்னால் டாக்டர் ரெக்கார்டை நிறுத்தினார்.

திரையில் துப்பாக்கி அப்படியே நின்றது.

மூன்று செகண்டு. ஐந்து. மூச்சு மெஷின் மட்டும் ஏறி இறங்கியது. தலைவர் மூக்குக்கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். வடிவு அப்பாவின் குளிர்ந்த கையைப் பிடித்துக்கொண்டு வாய்க்குள் எதையோ முணுமுணுத்தாள்.

ஆவுடை கட்டிலருகே குனிந்தார். முப்பத்தாறு வருஷத்துக்குப் பிறகு அவனிடம் பேசிய முதல் வார்த்தை:

"ஏல கிறுக்கா! பஸ்ஸுக்குள்ள இருக்காம்லே! திரும்புலே!"

துப்பாக்கிக் குழல் நடுங்கியது. அரை அங்குலம் இடப்பக்கம். இன்னும் அரை அங்குலம். பிறகு சடாரென்று முழுசாகத் திரும்பியது. பஸ் கதவு உடைந்து பேய் பாய்ந்தது. வெடி! தோள் சிதறியது. பேய் விடவில்லை. துப்பாக்கி பின்வாங்கியது, தூணுக்குப் பின்னால் ஒளிந்தது, எட்டிப் பார்த்துச் சுட்டது. மூன்றாவது வெடியில் பேய் மண்ணைக் கவ்வியது.

"அப்பா!" வடிவு அலறினாள். அலாரம் அடிக்கிறதோ என்று ஓடிவந்த நர்ஸ், திரையைப் பார்த்துவிட்டு, "போடுங்க சார்! வலது பக்கம் ஒருத்தன்!" என்று கத்தினாள்.

வலது பக்கத்துக்காரனும் விழுந்தான். நாயகம் கீழ்ப்பாலத்தைத் தாண்டினான், சரிவில் ஏறினான், மேல்பாலத்துக்கு வந்தான். முப்பத்தொரு பேய்களும் முடிந்தன. வெளியேறும் கதவு எதிரே பச்சையாக மின்னியது. அதில் நுழைந்தால் வெற்றி.

அவன் நுழையவில்லை. திரும்பினான். வந்த வழியே, காலிப் பாலத்தில், முட்டி மோதி, மெல்ல மெல்ல நடந்து ஆட்டம் தொடங்கும் வாசலுக்கே வந்தான். வளைவில் மீசைவைத்த பூசணிக்காய் ஆடிக்கொண்டிருந்தது. அதன் முன்னால் போய் நின்றான். நின்றுகொண்டே இருந்தான்.

"இது எந்த ரெக்கார்டுலயும் கிடையாது சார்" என்றார் டாக்டர் பானு. "இருநூத்திப் பதிமூணுலயும் தேடிக்கோங்க. இது இன்னைக்கு நினைச்சது."

தலைவர் எழுந்தார். கையிலிருந்த தாளை நான்காக மடித்துப் பையில் போட்டார். கட்டிலருகே வந்து, அசையாத அந்தக் கண்களைப் பார்த்து, "வணக்கம் மிஸ்டர் கோமதிநாயகம்" என்றார். "தொந்தரவு பண்ணிட்டோம். மன்னிக்கணும்."

ஐ.சி.யூ.வில் கைதட்டல் கேட்டது. மூன்றாம் படுக்கைக்காரரின் மனைவிகூடத் தட்டினாள்.

அடுத்த பன்னிரண்டு நாள் ஆவுடை ஐஸ் பேக்டரிக்கு லீவு போட்டார். இரண்டாவது மேப் ஒன்றைக் கட்டினார். அதில் பேய்கள் இல்லை. ஒரு பெரிய வட்டக் கூடம், சுற்றிலும் கதவுகள். உயிரெழுத்துக்குப் பன்னிரண்டு, மெய்யெழுத்துக்குப் பதினெட்டு. நாயகம் நடந்துபோய் எந்தக் கதவில் முட்டுகிறானோ அந்த எழுத்து விழும். வரி முடிந்ததும் ஸ்பீக்கர் வாசிக்கும். கூடத்தின் நடுவே, முதல் பொருளாக, பூசணிக்காய். உலகம் முழுக்க இருந்த கிறுக்குப் பிடித்த ஆட்களிடம் வடிவு அதை அனுப்பிவைத்தாள். இரண்டே நாளில் பதினோரு நாட்டு மருத்துவமனைகளிலிருந்து, அவரவர் எழுத்துக்குக் கதவு வைத்துக் கேட்டுக் கடிதம் வந்தது. எல்லாக் கடிதத்திலும் ஒரே கேள்வி: நடுவில் தொங்கும் அந்தக் காய் எதற்கு?

"கழட்டினா கேம் ஓடாதுன்னு எழுது" என்றார் ஆவுடை.

பதிமூன்றாம் நாள் நாயகம் கூடத்துக்குள் இறங்கினான். கதவு கதவாக முட்டினான். ஒரு வரிக்குப் பத்து நிமிஷம் பிடித்தது. ஸ்பீக்கர் வாசித்தது:

"வடிவு, சாப்பிட்டியா?"

வடிவு சிரித்தாள், அழுதாள், டாக்டரைக் கட்டிக்கொண்டாள். "சாப்பிட்டேம்பா, சாப்பிட்டேன். நூறு நாள் கழிச்சி இதக் கேக்கவா இம்புட்டுப் பாடு?"

துப்பாக்கிக்காரன் நிற்கவில்லை. மறுபடி கதவுகளை நோக்கிப் போனான். இந்தத் தடவை நடை தயங்கியது. ஓர் எழுத்து விழும், நிற்பான். அடுத்த எழுத்து, மறுபடி நிற்பான். இருபது நிமிஷம் ஆயிற்று. ஆவுடை ஜன்னலோரம் நின்று திரையையே பார்த்தார். ஸ்பீக்கர் வாசித்தது:

"ஆவுடை. பூசணிக்காயைக் கழட்டினது நான்."

வடிவு அப்பாவைப் பார்த்தாள், அத்தையைப் பார்த்தாள். கெட்டுப்போன சென்னை ஆட்டம் அப்போதுதான் அவளுக்குப் புரிந்தது. பூசணிக்காய் இல்லாத பாலத்தில் ஆடியது அது ஒன்றுதான்; அன்று அத்தையின் ரெக்கார்டைச் சுவரில் முட்டவைத்ததும் அதே பாலம்தான்.

ஆவுடை வந்து கட்டிலோரம் உட்கார்ந்தார். அவன் நெற்றியில் விழுந்திருந்த முடியை ஒதுக்கிவிட்டார்.

"மேப்பச் சேவ் பண்ணினா கடைசி வரியில மெஷின் நம்பர் தானா விழும்னு மறந்துட்டியேலே. நாலாம் நம்பர்னு அன்னைக்குப் புதன்கிழமையே பாத்துட்டேன்."